பட்ட மரத்தில் பிறக்கும் ஈக்கள்

பூவின் முன் அந்தரத்தில் அசையாது நின்று, இமைப்பொழுதில் மறையும் ஈக்களைச் சிர்பிடே குடும்பத்தில் சேர்ப்பர் விலங்கியலார். மஞ்சள் வரியைக் கண்டு குளவியென அஞ்சுவோர் பலர். அவற்றுக்குக் கொடுக்கே இல்லை. உலகில் சுமார் 6,000 இனங்கள்; பிரிட்டனில் மட்டும் ஏறத்தாழ 280.

இவற்றைக் காக்கப் பூச்செடி நட்டால் போதும் என்பதை நான் ஏற்கவில்லை. பூ, வளர்ந்த ஈக்கு உணவு, அவ்வளவே. புழுவின் வாழ்விடமோ இனத்துக்கு இனம் வேறு. ஒன்று அசுவினியைத் தின்னும். மற்றொன்று குளவிக் கூட்டிலேயே புகுந்து அங்குள்ள கழிவைத் தின்று வளரும். என்ன துணிச்சல்! காட்டு இனங்கள் பலவற்றுக்குத் தொட்டில் பட்ட மரமே.

ஸ்காட்லாந்தின் பிளெரா பாலாக்ஸ் என்னும் ஈயைப் பாருங்கள். பைன் மரத்தின் அடிக்கட்டை நடுவில் உளுத்துக் குழியாகி, அதில் மழைநீர் தேங்க வேண்டும். அந்த அழுகல் நீரில்தான் அதன் புழு வளரும். முதிர்ந்த பெருமரங்கள் அருகின. ஈயும் அருகி, ஸ்பே ஆற்றுப் பகுதிக் காடுகள் சிலவற்றில் ஒடுங்கிற்று. காய்ந்த மரத்தையெல்லாம் அகற்றிக் காட்டைப் பூங்காபோல் துடைத்து வைப்பதைப் பராமரிப்பு என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. 2020-களில் ஹைலண்ட் வனவிலங்குப் பூங்காவில் இந்த ஈயை வளர்த்துக் காட்டில் விட்டார்கள். அதன் புழுக்களுக்காக அடிக்கட்டைகளில் மனிதரே குழி வெட்டி, மரச்சீவலும் நீரும் நிரப்பி வைக்க வேண்டியதாயிற்று.