செப்பேடு உண்டு, ஆசனம் இல்லை

யூதர் வரலாறு பேசும் நம்மவர் ஐரோப்பாவின் கொடுமைகளையே பேசுவர். நமக்கு அண்மையில், கொச்சியிலே வாழ்ந்த யூதரை அறிந்தோர் சிலரே. வவுனியாவில் வாழும் நாம் அவர்கள் கதையை அறிதல் அவசியம்.

கி.பி. 1000ஆம் ஆண்டளவில் சேர மன்னன் பாஸ்கர ரவிவர்மன், ஈசுப்பு இரப்பான் என்னும் யூதத் தலைவனுக்கு வட்டெழுத்துச் செப்பேடு ஒன்று வழங்கினான். பகல் விளக்கு, பல்லக்கு, குடை முதலாய 72 உரிமைகள். அவையும் வழிவழியாய் அனுபவிப்பதற்கு. வந்தேறிய சிறுபான்மைக்கு இத்தகைய சாசனம் வாய்த்தல் அரிது. (1948ஆம் ஆண்டுப் பிரஜாவுரிமைச் சட்டத்தை இயற்றியோர் அதனை ஒருமுறை வாசித்திருக்கலாம்!)

மன்னன் அளித்த மதிப்பை அச்சமூகம் தன் இல்லத்துள்ளே அளித்ததா? மட்டாஞ்சேரியில் 1568இல் எழுந்த பரதேசி ஜெபாலயத்தில், விடுதலை பெற்ற அடிமைகளின் வழிவந்தோருக்கு ஆசனம் மறுக்கப்பட்டது. ஒரே வேதம், ஒரே ஓய்வுநாள். ஆயினும் அவர்களுக்குரிய இடம் வாயிற்புறம். அவ்வழியில் பிறந்து சென்னையில் சட்டம் பயின்ற ஆபிரகாம் பராக் சாலேம் என்னும் நியாயவாதி, காந்தியடிகளின் சத்தியாக்கிரகத்தைத் தம் ஜெபாலயத்துக்குள்ளேயே நடத்தினார். நெடும் போராட்டத்தின் பின்னரே தடைகள் தளர்ந்தன. அதற்குள் காலம் மாறிற்று. 1950களில் அச்சமூகத்தின் பெரும்பகுதி இஸ்ரவேலுக்குப் பெயர்ந்தது. அந்நாட்டாரும் யானைக்கால் நோய்க்கு அஞ்சி அவர்களது குடிவரவைத் தாமதப்படுத்தினர். பின்னர் நெகேவ் பாலைநிலத்து நெவாத்திம் முதலிய ஊர்களில் குடியிருத்தினர். வணிகம் அறிந்த கைகள் மண்வெட்டி பிடித்தன. சாலேமோ 1967இல் கொச்சியிலேயே கண்மூடினார்.

இனி நம் இல்லத்தைப் பார்ப்போம். 1977ஆம் ஆண்டு வன்செயலால் மலையகத்திலிருந்து துரத்தப்பட்டோர் பலர் வன்னிக்கு வந்து, காடு வெட்டிக் குடியேறினர். அவர்தம் பிரஜாவுரிமைக் கேள்வியை 2003ஆம் ஆண்டுச் சட்டம் பெரும்பாலும் தீர்த்துவிட்டது. நம்மிடையே அது தீரவில்லை. கொழும்பிடம் சமவுரிமை கேட்கும் அதே நாவினால் அவர்களைத் 'தோட்டக்காட்டார்' என்கிறோம். களை பிடுங்க, அருவி வெட்ட அவர்கள் வேண்டும்; கமக்காரர் சங்க நிர்வாகத்தில் வேண்டாம். சம்பந்தம் பேசுவதென்றாலோ வாயே திறவோம்.

"எங்கள் காணிக்கே உறுதியில்லை, அவர்களுக்கு எங்ஙனம்?" என்று கமக்காரர் சிலர் கேட்கின்றனர். கேள்வி நியாயமானதே. உறுதி வழங்குதல் அரசாங்கத்தின் கடமை. இரு சாராருக்கும் சேர்த்தே அதனைக் கேட்போம், வேண்டின் வழக்காடுவோம். ஆனால் கோயில் பரிபாலன சபையிலும் கமக்காரர் சங்கத்திலும் அவர்களுக்கு ஆசனம் அளிக்க எந்த மந்திரியின் கையொப்பமும் தேவையில்லை. வரும் ஆண்டுப் பொதுக்கூட்டத்திலேயே பெயர்களை முன்மொழியுங்கள். வழிமொழிய நாம் வருகிறோம்.