வாக்குச்சீட்டில் உள்ள பெயருக்கு விவாத மேடையிலும் இடம் வேண்டும்

அமெரிக்க அதிபர் தேர்தல் விவாதங்கள் குறித்து எங்கள் வாக்காளர் மன்றத்தின் நிலைப்பாடு

அமெரிக்கக் குடியுரிமை பெற்ற தமிழ் பேசும் வாக்காளர்கள் சேர்ந்து நடத்தும் மன்றம் எங்களுடையது. நாங்கள் எந்தக் கட்சியையும் சார்ந்தவர்கள் அல்லர். எந்த வேட்பாளருக்காகவும் நிதி திரட்டுவதில்லை. வாக்களிக்கப் போகுமுன் எல்லாத் தரப்பையும் கேட்க வேண்டும் என்ற ஒரே அக்கறைதான் எங்களை ஒன்றுசேர்த்திருக்கிறது.

எங்கள் நிலைப்பாடு இது: அதிபராக 270 எலக்டோரல் வாக்குகள் வேண்டும். அந்த எண்ணிக்கையை எட்டக்கூடிய அளவுக்கு மாநிலங்களின் வாக்குச்சீட்டில் இடம்பெற்ற ஒவ்வொரு வேட்பாளரும் முதல் தொலைக்காட்சி விவாதத்திலாவது பேச வேண்டும். யாரை ஏற்பது, யாரை ஒதுக்குவது என்பதைக் கேட்டபின் மக்கள் முடிவு செய்துகொள்வார்கள்.

கதவு யார் கையில்?

1976 முதல் 1984 வரை அதிபர் விவாதங்களை நடத்தியது பெண் வாக்காளர்களின் அமைப்பான ‘லீக் ஆஃப் விமன் வோட்டர்ஸ்’. 1980இல் சுயேச்சை வேட்பாளர் ஜான் ஆண்டர்சனை அது அழைத்தது. அதிபர் கார்ட்டர் வர மறுத்தார். அவர் வராவிட்டாலும் பால்டிமோரில் ரீகனும் ஆண்டர்சனும் விவாதித்தார்கள்.

1987இல் ஜனநாயகக் கட்சி, குடியரசுக் கட்சி இரண்டின் தேசியத் தலைவர்களும் சேர்ந்து அதிபர் விவாத ஆணையத்தை உருவாக்கினார்கள். மறு ஆண்டு இரு வேட்பாளர்களின் பிரசாரக் குழுக்களும் தமக்குள் ஒப்பந்தம் செய்துகொண்டு, கேள்வி கேட்பவர்கள் முதல் அரங்கில் அமர்பவர்கள் வரை தாங்களே தீர்மானிக்க முயன்றன. அதற்கு உடன்பட மறுத்த லீக் 1988 அக்டோபரில் விலகிக்கொண்டது. பந்தயத்தில் ஓடுபவர்களே நடுவரையும் நியமித்துக்கொள்ளும் நிலை அன்று உருவானது.

2000இல் ஆணையம் ஒரு விதி வகுத்தது. ஐந்து தேசியக் கருத்துக்கணிப்புகளில் சராசரியாக 15 சதவீத ஆதரவு இருந்தால்தான் மேடை ஏறலாம். 2024இல் இரு பெரும் பிரசாரக் குழுக்களும் ஆணையத்தை ஒதுக்கிவிட்டு நேரடியாகத் தொலைக்காட்சி நிறுவனங்களிடம் போனபோதும், ஜூன் 27 விவாதத்துக்கு சி.என்.என். அதே 15 சதவீதத்தைத்தான் கேட்டது.

பெயரே காதில் விழாத ஒருவரை மக்கள் கருத்துக்கணிப்பில் எப்படிச் சொல்வார்கள்? கணிப்பில் பெயர் வராததால் மேடை கிடைப்பதில்லை; மேடை கிடைக்காததால் பெயர் பரவுவதில்லை. நீந்தத் தெரிந்தவர் மட்டும் குளத்தில் இறங்கலாம் என்றால் நீச்சலை எங்கே கற்பது?

மேடை கிடைத்தால் என்ன நடக்கும் என்பதற்குச் சான்று உண்டு. 1992இல் சுயேச்சை வேட்பாளர் ராஸ் பெரோ விவாதங்களுக்கு முன் கணிப்புகளில் 10 சதவீதத்துக்கும் கீழே இருந்தார். மூன்று விவாதங்களிலும் பேசிய பிறகு தேர்தலில் 18.9 சதவீத வாக்குப் பெற்றார். 1996இல் அவருக்கு மேடை மறுக்கப்பட்டது, வாக்கு 8.4 சதவீதமாகச் சரிந்தது. சரிவுக்கு வேறு காரணங்களும் இருக்கலாம். ஆனால் 1998இல் மினசோட்டா ஆளுநர் தேர்தலில் சீர்திருத்தக் கட்சியின் ஜெஸ்ஸி வென்ச்சுரா எல்லோரோடும் சமமாக விவாத மேடையில் நின்றார். 37 சதவீத வாக்குடன் வென்று ஆளுநரானார்.

ஹெம்ப்ஸ்டெட்டில் ஒரு மாலை

2012 அக்டோபர் 16. நியூயார்க் மாநிலம் ஹெம்ப்ஸ்டெட்டில் உள்ள ஹாஃப்ஸ்ட்ரா பல்கலைக்கழகத்தில் ஒபாமாவும் ராம்னியும் விவாதிக்கவிருந்தார்கள். பசுமைக் கட்சியின் அதிபர் வேட்பாளர் ஜில் ஸ்டைனும் துணை அதிபர் வேட்பாளர் செரி ஹொன்காலாவும் வளாகத்துக்குள் நுழைய முயன்றார்கள். 270 எலக்டோரல் வாக்குகளுக்கு மேல் வெல்லக்கூடிய அளவுக்கு மாநிலங்களில் வாக்குச்சீட்டில் இடம்பெற்றிருந்த கட்சி அவர்களுடையது. போலீசார் மறித்ததும் இருவரும் சாலையிலேயே உட்கார்ந்தார்கள், கைதானார்கள். ஏறத்தாழ எட்டு மணி நேரம் நாற்காலியோடு கைவிலங்கிட்டு வைக்கப்பட்டிருந்ததாக அவர்கள் பின்னர் கூறினார்கள். அதே இரவில் கோடிக்கணக்கானோர் இரண்டு பேர் பேசியதை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

பசுமைக் கட்சியின் கொள்கை எங்களில் சிலருக்கு உவப்பானது, சிலருக்கு உவப்பற்றது. அதைக் கேட்டுப் பார்த்து ஏற்கவோ தள்ளவோ எங்களுக்கிருந்த உரிமை அன்று பறிபோனது என்பதில் எங்களுக்குள் இரண்டு கருத்து இல்லை.

எதிர்வாதங்களுக்கு எங்கள் பதில்

‘கதவைத் திறந்தால் மேடையில் நிற்க இடமிருக்காது’ என்கிறார்கள். 270 என்ற வரம்பே போதுமான சல்லடை. ஐம்பது மாநிலங்களிலும் வெவ்வேறு விதிகள், கையெழுத்துகள், கெடு தேதிகள். இவற்றைக் கடந்து வருபவர்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவர்களே.

‘மூன்றாம் வேட்பாளர் வாக்கைப் பிரித்துவிடுவார்’ என்ற அச்சத்தை நாங்கள் அலட்சியம் செய்யவில்லை. 2000இல் ஃபுளோரிடாவில் புஷ் வென்ற வித்தியாசம் 537 வாக்கு. அங்கே பசுமைக் கட்சி வேட்பாளர் ரால்ஃப் நேடர் பெற்றது 97,000க்கும் மேல். இதற்கு மருந்து விருப்ப வரிசை வாக்குமுறை. முதல் விருப்பம் தோற்றால் வாக்கு அடுத்த விருப்பத்துக்குப் போகும். மெய்ன் 2018 முதலும் அலாஸ்கா 2022 முதலும் இப்படி வாக்களிக்கின்றன. இலங்கையிலிருந்து வந்த எங்கள் உறுப்பினர்களுக்கு இது புதிதல்ல. அங்கே ஜனாதிபதித் தேர்தல் வாக்குச்சீட்டில் 1, 2, 3 என்று எழுதலாம். 2024இல் முதன்முறையாக இரண்டாம் விருப்பங்கள் எண்ணப்பட்டுத்தான் முடிவு அறிவிக்கப்பட்டது.

‘வெல்ல முடியாதவர் பேசி என்ன பயன்?’ என்பது மூன்றாவது கேள்வி. படிப்படியாக உயரும் வருமான வரியையும் செனட்டர்களை மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுப்பதையும் 1892இல் முழங்கியது மக்கள் கட்சி. அந்தக் கட்சி வெள்ளை மாளிகைக்குப் போகவே இல்லை. ஆனால் வருமான வரியும் செனட்டர்களின் நேரடித் தேர்தலும் 1913இல் அரசியல் சட்டத் திருத்தங்களாயின. தோற்றவர்கள் சொன்னதை நாடு பின்னால் சட்டமாக்கியது.

ஊடகங்களுக்கு

1964 ஆகஸ்ட் 22, அட்லான்டிக் சிட்டி. ஜனநாயகக் கட்சி மாநாட்டின் குழு ஒன்றின் முன், மிசிசிப்பியின் பருத்திக்காட்டில் குத்தகை உழவராக இருந்த ஃபேனி லூ ஹேமர் பேசிக்கொண்டிருந்தார். வாக்காளராகப் பதிய முயன்றதற்காகத் தோட்டத்திலிருந்து விரட்டப்பட்டதையும் சிறையில் அடிபட்டதையும் சொன்னார். அதிபர் ஜான்சன் திடீரென்று செய்தியாளர்களைக் கூட்டினார். தொலைக்காட்சி அங்கே திரும்பியது, ஹேமரின் பேச்சு நேரலையில் அறுந்தது. ஆனால் அன்று இரவே தொலைக்காட்சிகள் அவர் பேச்சை ஒளிபரப்பின. நாடு கேட்டது. மறு ஆண்டு வாக்குரிமைச் சட்டம் வந்தது.

கேமராவைத் திருப்பச் சொல்ல அதிகாரத்தில் உள்ளவர்களால் முடியும். அதை மறுபடி திருப்ப ஆசிரியர் மேசையால் முடியும். இன்றைய ஆசிரியர்களிடம் நாங்கள் எதிர்பார்ப்பது அந்த இரவின் துணிவை.

எங்கள் கோரிக்கைகள்

1. 270 வரம்பைத் தாண்டிய அனைவருக்கும் முதல் விவாதத்தில் இடம்.
2. விவாதங்களை நடத்தும் பொறுப்பு கட்சிகளோடும் பிரசாரக் குழுக்களோடும் தொடர்பில்லாத அமைப்பிடம்.
3. தேசியக் கருத்துக்கணிப்புகளில் வாக்குச்சீட்டில் உள்ள எல்லா வேட்பாளர்களின் பெயரையும் கேட்பது.
4. புதிய கட்சிகளும் சுயேச்சைகளும் வாக்குச்சீட்டில் இடம்பெற மாநிலங்கள் விதிக்கும் கையெழுத்து எண்ணிக்கையைத் தளர்த்துவது. முந்தைய ஆளுநர் தேர்தலில் பதிவான வாக்கில் 15 சதவீதக் கையெழுத்துக் கேட்ட ஒஹையோ சட்டத்தை உச்ச நீதிமன்றம் 1968இலேயே செல்லாது என்றது.
5. விருப்ப வரிசை வாக்குமுறையை மேலும் பல மாநிலங்களுக்கு விரிவாக்குவது.

பிறரிடம் கேட்பதை நாங்களும் செய்வோம். எங்கள் மன்றம் நடத்தும் ஒவ்வொரு வேட்பாளர் சந்திப்புக்கும் அந்தத் தொகுதியின் வாக்குச்சீட்டில் உள்ள அனைவரையும் அழைப்போம். பேசும் வரிசையைக் குலுக்கிப் போட்டு எடுப்போம். எல்லோருக்கும் ஒரே அளவு நேரம் தருவோம். ஒரு வேட்பாளர் வர மறுத்தாலும், வந்தவரைக் கொண்டு கூட்டம் நடக்கும். 1980இல் பால்டிமோரில் அப்படித்தான் நடந்தது.