ஆட்டக்காரனுக்கு எதுக்குய்யா சினிமா?

"விளையாடறவன் விளையாட்டை மட்டும் பார்க்கணும். டிவி, சினிமான்னு கிளம்பினா ஆட்டம் போச்சு."

இந்த அறிவுரையை எங்கே கேட்டாலும் எனக்குப் பத்திக்கிட்டு வரும். இதைச் சொல்ற புண்ணியவான்களுக்கு டான் ட்ரைஸ்டேலைத் தெரிஞ்சிருக்க நியாயமில்லை. அமெரிக்க பேஸ்பால் ஆட்டக்காரர். லாஸ் ஏஞ்சல்ஸ் டாட்ஜர்ஸ் அணியில் பிட்சர், அதாவது பந்து எறியறவர்.

ஊர் லாஸ் ஏஞ்சல்ஸ், ஹாலிவுட் பக்கத்துலயே. கூப்பிட்டாங்க, போனார். 'லீவ் இட் டு பீவர்', 'தி ரைஃபிள்மேன்'னு டிவி தொடர்கள்ல தலைகாட்டினார். ஓய்வுக்கப்புறம் 1970-ல் 'தி ப்ராடி பன்ச்'ல ட்ரைஸ்டேலாவே வந்தார். நடிப்புல சிவாஜின்னு நான் சொல்ல வரலை. ஆனா ஆட்டம் கெட்டுச்சா? அந்த ரெண்டு தொடர்லயும் அவர் வந்தது 1962-ல். அதே வருஷம் 25 வெற்றி, சிறந்த பிட்சருக்கான சை யங் விருது. 1968-ல் தொடர்ந்து ஆறு ஆட்டத்துல எதிரணிக்கு ஒரு ரன் கூட கொடுக்கலை. 58 இன்னிங்ஸுக்கு மேல நீடிச்ச அந்தச் சாதனையை முறியடிக்க 20 வருஷம் ஆச்சு.

சரி, இது சில்லறை விவாதம். நிஜமான விஷயம் 1966.

முந்தின வருஷம் டாட்ஜர்ஸ் சாம்பியன். சீசன்ல மொத்தம் 97 வெற்றி. அதுல சாண்டி கோஃபாக்ஸ் என்ற பிட்சர் கணக்குல 26, ட்ரைஸ்டேல் கணக்குல 23. பாதி வெற்றி ரெண்டே பேர் தோள்ல! சம்பள உயர்வு கேட்டுத் தனித்தனியா போனா, ஒருத்தர்கிட்ட "அவரே கம்மியாத்தான் கேட்கறார், உனக்கென்ன?"ன்னு நிர்வாகம் சொல்லுது. இன்னொருத்தர்கிட்டயும் அதே பாட்டு. ரெண்டு பேரும் கூடிப் பேசினதும் குட்டு உடைஞ்சது. இனி சேர்ந்துதான் பேசுவோம், இருவருக்குமா மூணு வருஷத்துக்கு 10 லட்சம் டாலர்னு கேட்டாங்க.

நாமன்னா என்ன செய்வோம்? வேற கம்பெனி ஆஃபர் லெட்டரை எடுத்து மேனேஜர் மேஜையில வைப்போம். அவங்களால முடியாது. காரணம் 'ரிசர்வ் க்ளாஸ்'னு ஒரு ஷரத்து. ஒப்பந்தம் முடிஞ்சாலும் ஆட்டக்காரன் பழைய அணிக்கே சொந்தம், வேற எந்த அணியும் அவனைத் தொடக்கூடாது. கொடுக்கறதை வாங்கிட்டு ஆடு, இல்லேன்னா வீட்ல உட்காரு. இதுக்குப் பேர் தொழில் ஒப்பந்தமா, கொத்தடிமை சாசனமா?

பேஸ்பால் முதலாளிகள் பூட்டு போட முடியாத ஒரே கதவு சினிமா. 'வார்னிங் ஷாட்'னு ஒரு படத்துல நடிக்க ரெண்டு பேரும் ஒப்புக்கிட்டாங்க. பயிற்சி முகாம் இவங்க இல்லாமலே தொடங்குச்சு. ஒரு மாசம் முறுக்கிக்கிட்டு நின்ன நிர்வாகம் மார்ச் கடைசியில இறங்கி வந்தது. 85,000 டாலர் வாங்கிட்டிருந்த கோஃபாக்ஸுக்கு 1,25,000. 80,000 வாங்கின ட்ரைஸ்டேலுக்கு 1,10,000. படம் இவங்க இல்லாமலே 1967-ல் வெளிவந்தது. நடிக்காத படத்துக்கு இவ்வளவு வசூல் பண்ண நடிகன் வேற யாராவது உண்டா? :-)

ஆனா முகராசி இல்லாத, ஹாலிவுட் கூப்பிடாத ஆட்டக்காரன் கதி? அப்போ குறைந்தபட்ச சம்பளம் வருஷத்துக்கு 6,000 டாலர். காட்டின இடத்துல கையெழுத்து போட்டான், அவ்வளவுதான். அதனால "ஏன் நடிக்கப் போனான்?"னு கேட்கறவங்க, "மத்த கதவையெல்லாம் யாரு சாத்தினது?"ன்னும் சேர்த்துக் கேளுங்க.

"இப்போதான் கோடிகள்ல புரள்றாங்களே"ன்னு அடுத்த கேள்வி வரும். அந்தக் கோடி யாரும் மனசிரங்கிப் போட்ட பிச்சை இல்லைங்க. 1975 டிசம்பர்ல ஒரு நடுவர் தீர்ப்பு ரிசர்வ் க்ளாஸை உடைச்சதுக்கு அப்புறம் வந்தது.

டிஸ்கி: மறுபடி ரெண்டு பேர் கூட்டு சேர்ந்துடுவாங்களோன்னு பயந்து, ஆட்டக்காரர்கள் சேர்ந்து பேரம் பேசக்கூடாதுன்னு அடுத்த ஒப்பந்தத்துல முதலாளிகள் விதி கேட்டாங்க. "அப்போ நீங்களும் கூடிப் பேசக்கூடாது"ன்னு சங்கம் சொல்லி, ரெண்டையும் சேர்த்தே எழுதினாங்க. 80-கள்ல சம்பளத்தை அமுக்க முதலாளிகளே கூட்டுச் சதி செஞ்சு மாட்டினாங்க. 1990-ல் கட்டின தொகை 28 கோடி டாலர். தான் வெட்டின குழி!