கம்பி எங்கே இருக்க வேண்டும்?

ஆட்டையாம்பட்டியில் ஓட்டு வீடுகள் குறைந்து தார்சு வீடுகள் பெருகி வருகின்றன. ஒரு குடும்பத்தின் பல ஆண்டுச் சேமிப்பு ஒரே நாளில் கான்கிரீட் தளமாக இறுகிவிடுகிறது. அத்தளம் நிலைத்து நிற்கச் சிமெண்டும் கம்பியும் மட்டும் போதுமா? போதா, அவற்றைப் பயன்படுத்தும் அறிவும் வேண்டும் என்பதே நம் கருத்து.

கான்கிரீட் அழுத்தத்தைத் தாங்குவதில் வல்லது. ஆனால் இழுவையைத் தாங்கும் ஆற்றல் அதில் ஏறத்தாழப் பத்தில் ஒரு பங்கே. நம் ஊர் முறுக்கை வளைத்தால் ஒடிவது போல, வெறும் கான்கிரீட்டும் வளைத்தால் ஒடியும். தறியில் ஓடும் நூலைப் போல இழுவையைத் தாங்கும் துணை அதற்குத் தேவை. அத்துணையே இரும்புக் கம்பி.

இரு சுவர்களின் மேல் கிடக்கும் உத்திரம் பாரத்தால் தொய்யும்போது அதன் அடிப்பக்கம் இழுபடும். எனவே அங்கே கம்பி அடியில் இருக்க வேண்டும். சுவரிலிருந்து வெளியே நீளும் சன்ஷேடிலோ மேற்பக்கம் இழுபடும். அங்கே கம்பி மேலே இருக்க வேண்டும். வேலை நேரத்தில் யாரேனும் அதை மிதித்துக் கீழே அமுக்கிவிட்டால், கம்பி இருந்தும் இல்லாததற்குச் சமமாகிவிடும் அன்றோ?

இத்தகைய கட்டுமானத்திற்கு நாடு முழுமைக்கும் நெறி வகுப்பது ஐ.எஸ். 456 என்னும் விதித்தொகுப்பு. 1953-ல் முதலில் வெளிவந்த இது 1957, 1964, 1978, 2000 ஆகிய ஆண்டுகளில் திருத்தப்பட்டது. கட்டடப் பொறியியல் பயில்வோர் இதன்படியே கணக்கிடக் கற்கின்றனர். வழக்கமான கணக்கில் பாரத்தை 1.5 மடங்காகப் பெருக்குவர். கான்கிரீட்டின் வலிமையை 1.5 ஆலும், கம்பியின் வலிமையை 1.15 ஆலும் வகுப்பர்.

இவ்வெண்களை மனப்பாடம் செய்தால் தேர்வில் வெல்லலாம். ஆனால் கான்கிரீட்டின் மீது மட்டும் ஏன் இத்தனை ஐயம் என்று கேட்பவளே உண்மையில் கற்றவள். கம்பி ஆலையில் ஒரே சீராக உருவாகிறது. கான்கிரீட்டோ பெரும்பாலும் வேலையிடத்தில் கலக்கப்படுகிறது. ஒரு வாளித் தண்ணீர் கூடினாலும் அதன் வலிமை குறையும். வறண்ட வெப்பத்தில் குறைந்தது 10 நாட்கள் ஈரம் காக்க வேண்டும் என்று விதி சொல்வதும் காரணத்தோடுதான். ஈரம் வற்றினால் சிமெண்டு முழு வலிமை பெறாது. சேலத்துக் கோடையை அறிந்த நமக்கு இதை விளக்கவும் வேண்டுமோ?

இவ்விதிகளைக் கொத்தனாரும் கம்பி கட்டுபவரும் சித்தாளும் அறிய வேண்டாமா? தளத்தை உருவாக்கும் கைகள் அவர்களுடையவை. விதித்தொகுப்போ ஆங்கிலத்தில் இருக்கிறது. 2014 ஜூன் 28 அன்று சென்னை மௌலிவாக்கத்தில் 11 மாடிக் கட்டடம் இடிந்து 61 பேர் மாண்டனர். கட்டடம் பிழையானால் அதைக் கட்டும் ஏழைகளே முதலில் பலியாகக்கூடும் என்பதை அத்துயரம் காட்டியது. ஆகவே, கற்றவர் விதியின் காரணத்தைத் தொழிலாளருக்கு எளிய தமிழில் எடுத்துரைப்பது கடமை என்போம். அப்படிச் சொல்லத் தெரியாதவரின் படிப்பு பாதிப் படிப்பே.

இக்கடமை பெண்களுக்கு ஏற்றதா எனப் பெற்றோர் சிலர் தயங்கலாம். தலையில் சட்டி சுமந்து கான்கிரீட் கொட்டுபவர்கள் பெண்கள்தாமே! சுமக்கத் தகுந்தவள் கணக்கிடத் தகாதவளா? கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்து, கிண்டிப் பொறியியல் கல்லூரியில் பயின்ற பி. கே. திரேசியா, 1971-ல் கேரளப் பொதுப்பணித்துறையின் தலைமைப் பொறியாளரானார். நமக்கு அண்மையிலேயே, 1966-ல் தோன்றிய சேலம் அரசு பொறியியல் கல்லூரியும் இருக்கிறது.

பாறைமேல் வீடு கட்டிய அறிவாளியைப் பற்றி நற்செய்தியில் வாசிக்கிறோம். சொல்லைக் கேட்பதோடு நில்லாமல் அதன்படி செய்பவருக்கே ஆண்டவர் அவ்வுவமையைக் கூறினார். தோழியரே, காரணம் அறிந்து கற்போம். கற்றதைத் தமிழில் பகிர்வோம். நம் ஊரின் கூரைகள் உறுதியாக நிற்க உழைப்போம்!