அண்டத்தை அறிவிக்கும் நூல்கள்

அண்டத்தைப் பற்றிய நூல்கள் பொழுதுபோக்கிற்கு மட்டும் உரியன அல்ல. அவை குடிமக்களுக்குக் கண் போன்றவை. தேனி மாவட்டத்துப் போடி மலைச்சாரலில் உள்ள பொட்டிபுரத்தில், மலையைக் குடைந்து நியூட்ரினோ ஆய்வுக்கூடம் அமைக்க 2015ஆம் ஆண்டில் மத்திய அரசு ஒப்புதல் அளித்தது. மக்களிடையே எதிர்ப்பு எழவே, பணி தடைப்பட்டது. சிலர் நியூட்ரினோவிற்கே அஞ்சினர். சிலர் மலைக்கும் நீர்வளத்திற்கும் கேடு வருமோ என்று அஞ்சினர்.

முதல் அச்சம் தேவையற்றது. மின்னூட்டமற்ற அந்நுண்துகள்கள் கதிரவனிடமிருந்து வந்து, நொடிதோறும் கோடிக்கணக்கில் மனித உடலை ஊடுருவிச் செல்கின்றன, தீங்கு செய்வதில்லை. இரண்டாம் அச்சமோ தக்க விடை பெறவேண்டிய வினா. இவ்வேறுபாட்டை உணர்த்த வல்லவை நூல்களே.

ஜூல்ஸ் வெர்னின் திங்கட்பயணக் கதை ஆவலைத் தூண்டும். 1930இல் கப்பற்பயணத்தின்போதே விண்மீன்களின் முடிவைக் கணக்கிட்ட சந்திரசேகரின் வரலாறு ஊக்கமூட்டும். அறிவியல் நூல் ஐயம் அகற்றும். இம்மூவகை நூல்களையும் தமிழில் பயின்ற மாணவர், நாளை ஓர் ஆய்வை ஆதரிப்பினும் எதிர்ப்பினும், அறிந்தே செய்வர்.