கை வேலை தெரியும், கையில் காகிதம் இல்லை

தீபாவளிக்கு இரண்டு கிழமை இருக்கும்போது கொழும்புக்குப் போயிருந்தேன். சங்க வேலை அரை நாளில் முடிந்தது. மிச்ச நேரத்தில் என்னிடம் படித்த பிள்ளைகளைத் தேடிப் போனேன். ஓ/எல் எழுதிய கையோடு தோட்டத்தை விட்டுப் போன பிள்ளைகள்.

வெள்ளவத்தையில் காலி வீதியிலிருந்து கடற்கரைப் பக்கம் இறங்கும் ஒழுங்கை ஒன்றில் சாப்பாட்டுக் கடை. பகல் கூட்டம் ஓய்ந்து மூன்று மணிக்குத்தான் அவன் வெளியே வந்தான். ஐந்து வருடத்துக்கு முன்பு தட்டுக் கழுவப் போனவன். இன்று அந்தக் கடையில் பகல் சோற்றுப் பார்சல் முழுவதும் அவன் கையால்தான் போகிறது. கடற்கரைப் பக்கத்துப் பெரிய ஹோட்டல் ஒன்றில் ஆள் எடுக்கிறார்கள் என்று கேள்விப்பட்டுப் போனானாம். "சமைக்கச் சொல்லிப் பார்க்கவே இல்லை சேர். சேட்டிபிகேட் எங்கேன்னு கேட்டாங்க. இல்லைன்னேன். சரி போய்ட்டு வாங்கன்னுட்டாங்க" என்றான்.

கொட்டாஞ்சேனையில் இன்னொருவன் லொட்ஜில் ரூம் போய். சிங்களம் அங்கேயே பழகிவிட்டான். வெளிநாட்டுக்காரருக்கு வழி சொல்லும் அளவுக்கு ஆங்கிலமும் வந்துவிட்டது. ஆனால் நியமனக் கடிதம் கிடையாது. சேமலாப நிதி இலக்கம் என்றால் என்னவென்று என்னைக் கேட்டான். அவனுக்கு எட்டாம் வகுப்பில் கணக்குச் சொல்லிக்கொடுத்தவன் நான். தலை குனிந்துதான் பதில் சொன்னேன்.

இதை வாசிக்கும் உங்களில் எத்தனை பேருடைய பிள்ளைகள் இன்று இப்படிக் கொழும்பில் நிற்கிறார்கள்? லயத்துக்கு ஒரு வீடாவது இருக்கும். அப்படியிருக்க, நம் சங்கத்தின் கண் தோட்டத்து கேட்டோடு நின்றுவிடுகிறது. பெரட்டில் பேர் இல்லாதவன் நமக்கு உறுப்பினன் இல்லை. இது சரியில்லை என்பதைத்தான் இங்கே எழுத வந்தேன்.

சிலர் என்னிடம் கோபப்படுகிறார்கள். "நம்ம அப்பன் பாட்டன் துரை பங்களாவில் தட்டுக் கழுவினது போதாதா? படித்த பிள்ளையையும் ஹோட்டலுக்கு அனுப்பச் சொல்கிறீர்களா மாஸ்டர்?" என்கிறார்கள். அந்தக் கோபத்தில் நியாயம் இருக்கிறது. ஆனால் நான் யாரையும் அனுப்பச் சொல்லவில்லை. அவர்கள் ஏற்கனவே போய்விட்டார்கள். 2024 செப்டம்பரில்தான் நாட்சம்பளம் 1,350 ரூபாய்க்கு வந்தது. அதை வைத்து வீடு நடத்த முடியாமல்தான் போனார்கள். போனவர்கள் கையாளாகவே கிடப்பதா, தொழிலாளியாக நிமிர்வதா என்பதே கேள்வி.

இன்னொன்றையும் யோசியுங்கள். பங்களா அப்புமார் செய்தது சின்ன வேலையா? சூப்பிலிருந்து புடிங் வரைக்கும் எழுத்தில்லாமல் கைப்பழக்கத்தில் கற்று, அப்பனிடமிருந்து மகனுக்கு வந்த தொழில் அது. கந்தப்பளையில் ஹெதர்செட் தேயிலைத் தொழிற்சாலை 1996ல் ஹோட்டலாக மாறியது. காசல்ரீ நீர்த்தேக்கத்தைச் சுற்றியுள்ள பழைய துரை பங்களாக்கள் 2005 முதல் டொலரில் வாடகைக்குப் போகின்றன. கண்டி ஹந்தானையில் தொடங்கி நுவரெலியாவில் முடியும் பீக்கோ டிரெயில் நடைபாதை 300 கிலோமீற்றருக்கு மேல் நம் மலைகள் வழியாகத்தான் போகிறது. 2024ல் மட்டும் இருபது லட்சத்துக்கு மேற்பட்ட சுற்றுலாப் பயணிகள் இலங்கைக்கு வந்தார்கள். எல்லவுக்கும் நுவரெலியாவுக்கும் வருகிறவன் படம் பிடிப்பது நம் தாய்மார் கொழுந்து எடுப்பதைத்தான். அந்தப் படத்தில் நாம் இருக்கிறோம். அந்தப் பணத்தில் எங்கே இருக்கிறோம்?

தொழில் தெரிந்தும் காகிதம் இல்லாதவனுக்கு இந்த நாட்டில் ஒரு வழி இருக்கிறது. தேசிய தொழில் தகைமை, அதாவது என்.வி.கியூ. என்ற சான்றிதழ் முறை. ஒன்றிலிருந்து ஏழு வரை மட்டங்கள். சமையற்காரர், மேசைப் பரிசாரகர், அறைப் பராமரிப்பாளர் எல்லாருக்கும் அதில் இடம் உண்டு. வகுப்புக்குப் போய்ப் படித்துத்தான் வாங்கவேண்டும் என்றில்லை. வேலை செய்து கற்றதையே சோதித்துச் சான்றிதழ் தருகிறார்கள். முன்கற்றலை அங்கீகரித்தல் என்று அதற்குப் பெயர். நைட்டா அலுவலகத்திலோ தொழிற் பயிற்சி அதிகார சபையிலோ விசாரிக்கலாம். விண்ணப்பித்து, செய்த வேலைக்கு ஆதாரம் காட்டி, மதிப்பீட்டாளர் முன்னால் வேலையைச் செய்து காட்டவேண்டும். குறை இருந்தால் அந்தப் பகுதியை மட்டும் பழகிக்கொண்டு மறுபடி போகலாம். ஓ/எல்லில் கணிதம் தவறியவன் என்று ஒதுங்கி நிற்கத் தேவையில்லை.

இங்கேதான் முடிச்சு இருக்கிறது. வேலை செய்ததற்கு ஆதாரம் என்றால் முதலாளியின் கடிதம் வேண்டும். நியமனக் கடிதமே கொடுக்காத, சேமலாப நிதி கட்டாத முதலாளி, இவன் ஐந்து வருடம் என்னிடம் வேலை செய்தான் என்று கையெழுத்துப் போடுவாரா? போட்டால் ஐந்து வருடத்து நிதிப் பாக்கியும் அல்லவா வெளியே வரும்? ஆகவே திறமைக்கான காகிதமும் உரிமைக்கான காகிதமும் ஒரே கயிற்றில் கட்டப்பட்டவை. ஒன்றை இழுத்தால் மற்றதும் வரும். பயிற்சி நிலையம் முதலாவதைத்தான் பார்க்கும். இரண்டாவதை இழுக்கத் தொழிற்சங்கம் வேண்டும்.

பிள்ளைகளுக்குச் சொல்லிவையுங்கள். ஊழியர் சேமலாப நிதிக்குச் சம்பளத்தில் நூற்றுக்கு 8 நீங்கள் கட்டினால் 12 முதலாளி கட்டவேண்டும். நம்பிக்கைப் பொறுப்பு நிதியத்துக்கு நூற்றுக்கு 3 முழுவதும் முதலாளியுடையது. 2026 ஜனவரி முதல் தேசிய குறைந்தபட்ச மாதச் சம்பளம் 30,000 ரூபாய். பதினாறு வயதுக்குக் கீழே பிள்ளையை வேலைக்கு வைப்பது குற்றம். பில்லில் நூற்றுக்குப் பத்து சேர்விஸ் சார்ஜ் வாங்கும் இடத்தில் வேலை செய்தால் அதில் உங்கள் பங்கு எவ்வளவு என்று கேளுங்கள். நாரஹேன்பிட்டியில் தொழில் திணைக்களம் இருக்கிறது. முறைப்பாட்டைத் தமிழில் எழுதிக் கொடுக்கலாம்.

அரசாங்கத்திடமும் நமக்குக் கேட்க இருக்கிறது. 2005ஆம் ஆண்டின் 38ஆம் இலக்கச் சுற்றுலாச் சட்டத்தின் கீழ், சுற்றுலா நிறுவனங்களின் வரவில் நூற்றுக்கு ஒன்று அபிவிருத்தி வரியாகப் போகிறது. இலங்கை சுற்றுலா மற்றும் ஹோட்டல் முகாமைத்துவ நிறுவகம் அதே சட்டத்தின் கீழ்தான் நடக்கிறது. கொழும்பு கொள்ளுப்பிட்டியில் அதன் தலைமையகம். கண்டியிலும் பண்டாரவளையிலும் கிளைகள் உண்டு. நம் மலையைக் காட்டிச் சேர்க்கிற காசில் நம் பிள்ளைக்குத் தமிழில் பாடம் வேண்டும். நான் விசாரிக்கப் போன ஒரு பயிற்சி நிலையத்தில், வகுப்பு சிங்களத்திலும் ஆங்கிலத்திலும்தான் என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். தொழிலைத் தமிழில் சொல்லித்தரட்டும், கூடவே சிங்களமும் ஆங்கிலமும் பேசக் கற்றுத்தரட்டும். தமிழும் இந்த நாட்டின் அரசகரும மொழிதான்.

ஓர் எச்சரிக்கையும் சொல்லவேண்டும். சுற்றுலா என்பது நிலையான வருமானம் இல்லை. 2019 ஏப்ரல் 21, உயிர்த்த ஞாயிறன்று கொச்சிக்கடை அந்தோனியார் ஆலயத்திலும் கொழும்பின் பெரிய ஹோட்டல்களிலும் குண்டு வெடித்தது. அடுத்த மாதமே பயணிகள் வரவு சரிந்தது. பிறகு கொரோனா, பிறகு 2022 நெருக்கடி. ஒவ்வொரு முறையும் நம் பிள்ளைகள் பையைத் தூக்கிக்கொண்டு லயத்துக்குத் திரும்பி வந்ததை நாம் பார்த்தோம். வேலை போனவனிடம் சான்றிதழும் சேமலாப நிதியும் இருந்தால் அடுத்த வேலை வரும்வரை நிற்க ஒரு தரை இருக்கும்.

ஆகவே கம்பனிகள் நாளைக்கு வந்து, சம்பளத்தை விடுங்கள், சுற்றுலாவுக்குப் பயிற்சி தருகிறோம் என்றால் ஏமாறக்கூடாது. பயிற்சி சம்பளத்துக்குப் பதில் இல்லை. காணிக்கும் வீட்டுக்கும் பதில் இல்லை. தோட்டத்துக்குள் சுற்றுலா வந்தால், புல் வெட்டவும் கேட் திறக்கவும் மட்டும் நம்மைக் கூப்பிடாமல், பயிற்சியும் பதவியும் நமக்கு முதலில் என்று ஒப்பந்தத்திலேயே எழுதக் கேட்போம்.

ஒரு வேலை மட்டும் இந்த மாதமே செய்யலாம். ஒவ்வொரு தோட்டக் கமிட்டியும் ஒரு கொப்பி போடட்டும். கொழும்பில் இருக்கும் பிள்ளையின் பெயர், வேலை செய்யும் இடம், செய்யும் வேலை, எத்தனை வருடம், நியமனக் கடிதம் உண்டா, நிதி இலக்கம் உண்டா. ஆறு கேள்விதான். பிள்ளைகள் பண்டிகைக்கு வரும்போது கேட்டு எழுதலாம். சங்கம் அந்தக் கொப்பிகளைச் சேர்த்து வெள்ளவத்தையிலோ கொட்டாஞ்சேனையிலோ ஒரு ஞாயிறு பின்னேரம் கூட்டம் போடட்டும். பொதுச் சபையில் இதை நான் பிரேரணையாகக் கொண்டு வருவேன். உங்கள் கமிட்டித் தலைவர் ஆதரித்துக் கை தூக்கவேண்டும் என்று அவரிடம் இப்போதே சொல்லிவையுங்கள்.

அந்தச் சமையற்காரப் பிள்ளை என்னைப் பஸ் ஏற்றிவிட வந்தான். ஒரு பார்சல் கையில் கொடுத்தான். ஹட்டன் வரும்போது இரவாகிவிட்டது, சோறு ஆறிப்போயிருந்தது. ருசி ஆறவில்லை. அதற்கு ஒரு காகிதம் வாங்கிக்கொடுக்க நமக்கு முடியாதா?