எல்லா கேமையும் ஒரே மூட்டையில் கட்டாதீர்கள்



அடையாறில் இருக்கும் நம் உறவுக்காரப் பையன் ஒருவன் பழைய ஜப்பானிய வீடியோ கேம் கேசட்டுகளைச் சேர்க்கிறான். முப்பது வயதுக்கு மேல் இது என்ன பைத்தியம், தூக்கிப் பழைய சாமான்காரரிடம் போடு என்று வீட்டில் ஒரு கட்சி. நான் பையன் கட்சி. பெரியவர்கள் கோபிக்க வேண்டாம், காரணம் சொல்கிறேன்.

அவன் சேர்ப்பது 'சூப்பர் ரோபோ டைசென்' என்ற தொடர். 1991-ல் கேம்பாயில் ஆரம்பித்தது. எழுபதுகளில் ஜப்பான் டிவியில் வந்த மாஸிங்கர், கெட்டர், கண்டம் (நம் ஜாதகக் கண்டம் இல்லை) எல்லாம் ஒரே படையாகச் சேர்ந்து போரிடும். பட்டனைத் தட்டிக்கொண்டே இருக்கும் ஆட்டம் என்று நினைக்காதீர்கள். சதுரங்கம் மாதிரி முறை வைத்து, கட்டம் கட்டமாக நகர்த்த வேண்டும். குண்டு எத்தனை மிச்சம், சக்தி எவ்வளவு, நிற்பது மலையா தண்ணீரா என்று எல்லாமே கணக்கு. பலசாலியைத் தனியாக முன்னே அனுப்பினால் வளைத்துப் போட்டுவிடுவார்கள். 1993-ல் சூப்பர் ஃபேமிகாமில் வந்த மூன்றாவது ஆட்டம் கஷ்டத்துக்கே பேர்போனது. முழுக்க ஜப்பானிய மொழி. ரோபோக்களின் பெயரைப் படிக்கவே இவன் கடகானா எழுத்துகளைக் கற்றுக்கொண்டான். நான் றகர ரகரம் சொல்லிக்கொடுத்தபோது ஓடி ஒளிந்தவன்!

நமக்கும் இது புதிதில்லை. ஆடுபுலி ஆட்டத்தில் 3 புலி, 15 ஆடு. ஆட்டால் வெட்ட முடியாது. 15-ஐயும் வைத்து முடிக்கும்வரை ஒன்றையும் நகர்த்தக் கூடாது. பின்னால் இடம் காலியாக விட்டு நின்ற ஆடு போச்சு. ஆடு பக்கம் உட்காரும் புதியவர் தோற்றுத் தோற்றுத்தான் படிக்க வேண்டும்.

நான் பயப்படுவது பணம் கட்டி ஆடும் ரம்மிக்கு. அதில் நம் மாநிலத்தில் உயிர்களே போயின. 2023-ல் இணையச் சூதாட்டத் தடைச் சட்டம் அமலுக்கு வந்தது அதனால்தான். தோற்றவனை 'இன்னும் கொஞ்சம் போடு' என்று இழுப்பது அது. ரோபோ ஆட்டத்தில் தோற்றால் எங்கே தப்பு என்று யோசித்து மறுபடி ஆடலாம், அவ்வளவுதான். இரண்டையும் 'கேம்' என்று சேர்த்துத் திட்டுவது நியாயமா?

பையனிடமும் எனக்கு ஒரு குறை உண்டு. சில பெட்டிகளைத் திறக்கவே மாட்டேன் என்கிறான். திறக்காததற்குத்தான் விலையாம்! மயிலாப்பூர் மாட வீதியில் பல்லாங்குழி வாங்கி, ஒரு சோழிகூடப் போடாமல் ஷோகேஸில் வைப்பவர்களுக்கும் இவனுக்கும் என்ன வித்தியாசம்? ஆட்டத்தைச் சேமித்து வைக்க அந்தக் கேசட்டுக்குள் ஒரு பட்டன் பேட்டரி இருக்கிறது. 30 வருஷமானதால் ஒவ்வொன்றாகத் தீர்ந்துவருகிறது. ரிச்சி தெருவில் சால்டரிங் தெரிந்தவரிடம் கொடுத்து மாற்றிக்கொள்ளடா, பிறகு உட்கார்ந்து ஆடு.

அவன் அம்மாவுக்கு: தீபாவளிச் சுத்தம் செய்யும்போது அந்த அலமாரியைத் தொடாதேம்மா. விடுமுறைக்குப் பிள்ளைகள் வரட்டும். முதலில் ஆடுபுலி, தேறினால் ரோபோ. பலகை என்னிடம் இருக்கிறது. புலி எனக்கு.